‘மெர்ரி விடோ’ லில்லி எல்சி: உங்கள் கேள்விகளும் என் பதில்களும்

போன மாதம் லில்லி எல்சியின் பழைய அஞ்சலட்டை ஒன்றைப் பகிர்ந்தேன். அதிலிருந்து கேள்விகள் வந்தபடி இருக்கின்றன. நூறு வருடத்துக்கு முன்னால் லண்டன் மேடையில் பாடி ஆடிய ஒரு பெண்ணைப் பற்றி இத்தனை பேர் கேட்பது எனக்கு உண்மையிலேயே சந்தோஷம். லீட்ஸ் நகரத்தில் பதினொரு வருடம் குடியிருந்தபோது தொற்றிக்கொண்ட ஆர்வம் இது, ஊர் திரும்பியும் விடவில்லை. ஒன்றுபோல் இருந்த கேள்விகளைச் சேர்த்துவிட்டேன். கேட்டவர்களின் பெயரை விட்டு ஊரை மட்டும் போட்டிருக்கிறேன்.

சேலம்: அக்கா, யார் இந்த லில்லி எல்சி? முதலிலிருந்து சொல்லுங்களேன்.

1886 ஏப்ரல் 8 அன்று லீட்ஸை ஒட்டிய ஆர்ம்லியில் பிறந்தவர். பிறந்தபோது பெயர் எல்சி ஹாடர். அம்மா தையல் வேலை செய்தவர், வீட்டில் அறைகளை வாடகைக்கும் விட்டவர். 1891இல் அம்மா, நாடகக் கொட்டகையில் வேலை பார்த்த வில்லியம் காட்டனைத் திருமணம் செய்துகொண்டதும் மகள் எல்சி காட்டன் ஆனார். குடும்பம் மான்செஸ்டரில் குடியேறியது. வளர்ப்பு அப்பா கொட்டகைக்காரர். அதனால் மேடை இந்தக் குழந்தைக்கு அந்நிய இடமாக இருக்கவில்லை.

‘லிட்டில் எல்சி’ என்ற பெயரில் சின்ன வயதிலேயே ஆடிப் பாடத் தொடங்கிவிட்டார். 1896 கிறிஸ்துமஸ் சமயத்தில் மான்செஸ்டர் குவீன்ஸ் அரங்கில் ‘லிட்டில் ரெட் ரைடிங் ஹூட்’ நாடகத்தின் தலைப்புப் பாத்திரமே அவருக்குத்தான். வயது பத்து. அப்புறம் ஊர் ஊராகச் சுற்றுப்பயணம். 1900 வாக்கில் ‘லில்லி எல்சி’ என்று பெயரை மாற்றிக்கொண்டார்.

நம்மில் பலர் நினைப்பது போல அவர் 1907இல் ‘மெர்ரி விடோ’ நாடகம் லண்டனில் அரங்கேறிய இரவில் வானத்திலிருந்து குதித்தவர் இல்லை. அந்த இரவுக்கு முன் பத்து வருடத்துக்கு மேல் உழைத்திருக்கிறார். இதை மனதில் வைத்துக்கொண்டு மீதிப் பதில்களைப் படியுங்கள்.

சென்னை: எட்வர்டிய காலம் என்பது எது? நாடக முதலாளி எட்வர்ட்ஸ் பெயரால் வந்ததா?

இல்லை. ஏழாம் எட்வர்ட் மன்னரின் ஆட்சி, 1901 முதல் 1910 வரை. பேச்சு வழக்கில் 1914 போர் வரைக்கும் நீட்டிச் சொல்வார்கள். ஜார்ஜ் எட்வர்ட்ஸ் வேறு ஆள். லண்டனில் கெய்ட்டி, டேலிஸ் ஆகிய இரண்டு அரங்குகளையும் நடத்தியவர்.

கோவை: மியூசிகல் காமெடி என்றால் ஆபராவா, நாடகமா?

ஆபராவில் பெரும்பாலும் கதை முழுவதும் பாட்டிலேயே நகரும். மியூசிகல் காமெடியில் வசனம்தான் முதுகெலும்பு. நடுநடுவே பாட்டும் ஆட்டமும் வரும். கதை சாதாரணமானது: கடையில் வேலை பார்க்கும் பெண், ஒரு பணக்காரப் பையன், ஒரு கோமாளி, கடைசியில் கல்யாணம். பார்க்க வருகிறவர்கள் அன்றைய புது மோஸ்தர் உடையை மேடையிலேயே பார்ப்பார்கள். எட்வர்ட்ஸ் 1892இல் போட்ட ‘இன் டவுன்’, அடுத்த வருடம் போட்ட ‘எ கெய்ட்டி கேர்ள்’ இரண்டும்தான் இந்த வகைக்குப் பாதை போட்டவை.

லில்லி எல்சி பேர் வாங்கியது இதற்குப் பக்கத்து வீடான ஆபரெட்டாவில். அது வியன்னாவிலிருந்து வந்த சரக்கு. இசை இன்னும் கொஞ்சம் கனமாக இருக்கும்.

தஞ்சாவூர்: ‘மெர்ரி விடோ’ வாய்ப்பு அவருக்கு எப்படிக் கிடைத்தது?

இதற்குக் கொஞ்சம் நீளமாகவே சொல்ல வேண்டும்.

ஃபிரான்ஸ் லெஹார் இசையமைத்த மூல நாடகம் 1905 டிசம்பர் 30 அன்று வியன்னாவில் அரங்கேறியது. கதை இதுதான்: ஒரு குட்டி நாட்டின் பெரும் சொத்து முழுவதும் ஓர் இளம் விதவையின் கையில் இருக்கிறது. அவள் வெளிநாட்டுக்காரனை மணந்துகொண்டால் நாடு திவாலாகிவிடும். அதனால் அவளுடைய பழைய காதலன் டானிலோவையே அவளுக்குக் கட்டிவைக்கப் பார்க்கிறார் தூதர். இரண்டு பேருக்கும் உள்ளே ஆசை இருக்கிறது. ஆனால் வாயைத் திறந்து சொல்ல மாட்டார்கள்.

எட்வர்ட்ஸ் இதை லண்டனுக்குக் கொண்டுவர முடிவு செய்தார். அதற்குள் லில்லி எல்சி ‘எ சைனீஸ் ஹனிமூன்’ நாடகத்தில் இளவரசி சூ சூ வேடத்தை 1903இல் ஏற்று நடித்திருந்தார். அப்புறம் எட்வர்ட்ஸின் கம்பெனியில் ‘தி லிட்டில் மிஷஸ்’, ‘சீ சீ’, ‘தி நியூ அலாதீன்’ என்று வரிசையாகச் சின்னதும் நடுத்தரமுமான வேடங்கள். எட்வர்ட்ஸ் அவரை பெர்லினுக்கு அழைத்துப்போய் ஜெர்மன் மொழி நாடகத்தைக் காட்டினார். பார்த்துவிட்டு எல்சி தயங்கினார். தன் குரல் இதற்கு மெல்லியது என்பது அவர் பயம். எட்வர்ட்ஸ்தான் பேசிப் பேசி ஒப்புக்கொள்ள வைத்தார்.

உடைக்கும் நடைக்கும் லூசில் என்ற பெயரில் தையலகம் நடத்திய டஃப் கார்டன் சீமாட்டியிடம் அனுப்பினார். (1912இல் டைட்டானிக் கப்பலில் இருந்து உயிர் தப்பியவர் இவரேதான்.) எப்படி நிற்பது, எப்படித் திரும்புவது, தலையை எவ்வளவு சாய்ப்பது என்று எல்லாமே பயிற்சி. 1907 ஜூன் 8, டேலிஸ் அரங்கு. லெஹாரே வந்து இசைக்குழுவை நடத்தினார். அந்த ஒரே இரவில் எல்சி லண்டனின் செல்லப்பிள்ளை ஆகிவிட்டார். 778 ஆட்டங்கள் ஓடி 1909 ஜூலை 31 அன்று நிறைந்தது. எட்வர்ட் மன்னரே நான்கு முறை வந்து பார்த்தார்.

ஆங்கிலத்தில் கதாநாயகி ஹன்னாவுக்கு சோனியா என்று பெயர். பழைய பாட்டுப் புத்தகம் வைத்திருப்பவர்கள் இரண்டையும் வேறு வேறு நாடகம் என்று நினைத்துக் குழம்ப வேண்டாம்.

திண்டுக்கல்: தாத்தா பெட்டியில் லில்லி எல்சி அஞ்சலட்டை ஒன்று கிடைத்தது. முத்திரையில் 1910 இருக்கிறது. அப்படியானால் 1910இல் எடுத்த படம்தானே?

அப்படி முடிவு கட்டாதீர்கள். முத்திரை சொல்வது அட்டை தபாலில் போன தேதியை. படம் எடுத்தது அதற்கு மூன்று, நான்கு வருடம் முன்னாலும் இருக்கலாம். விற்ற படத்தையே நிறம் பூசி, பின்னணி மாற்றி, மறுபடி மறுபடி அச்சடித்தார்கள். உடையைப் பாருங்கள், எந்த நாடகத்தின் உடை என்று தெரிந்தால்தான் வருடம் சொல்லலாம்.

அப்புறம் ஒரு பூதக்கண்ணாடியை எடுத்து அவர் கன்னத்தின் மேல் வைத்துப் பாருங்கள். நெருங்க நெருங்கப் புள்ளி புள்ளியாகப் பிரிந்தால் அது அச்சு. எவ்வளவு நெருங்கினாலும் பால் போல ஒரே சீராக இருந்தால் அது உண்மையான புகைப்படத் தாள். என்னிடம் இருக்கும் ஓர் அட்டையை லீட்ஸில் ஒரு ஞாயிற்றுக்கிழமைச் சந்தையில் வாங்கினேன். அந்தப் பெரிய தொப்பியின் ஓரத்தில் வெள்ளி போல ஒரு மினுமினுப்பு ஏறியிருக்கிறது. சாய்த்துப் பிடித்தால்தான் தெரியும். புகைப்படத் தாளில் இருக்கும் வெள்ளியே வயதாகி மேலே வந்து நிற்பது அது. துடைத்துவிடாதீர்கள்.

யாழ்ப்பாணம்: ‘மெர்ரி விடோ தொப்பி’ எண்டு சொல்லினமே, அது என்ன அக்கா?

லூசில் இந்த நாடகத்துக்காக வடிவமைத்த தொப்பி. தோளைத் தாண்டும் அகலம், கறுப்பு, மேலே இறகுக் குவியல். லண்டனில் தொடங்கிய மோகம் நியூயார்க் வரை போனது. பின்னால் உட்கார்ந்தவருக்கு மேடை தெரியாத அளவுக்கு ஒவ்வொரு வருடமும் விளிம்பு வளர்ந்துகொண்டே போனது.

மதுரை (இசை ஆசிரியர்): மன்னிக்கவும் அம்மா. வியன்னாவில் இந்தப் பாத்திரத்தைப் பாடிய மிட்சி குந்தரோடு ஒப்பிட்டால் எல்சி பாடகியே இல்லை. அழகான முகம், நல்ல உடை, ஆயிரக்கணக்கில் அஞ்சலட்டை. அவ்வளவுதான். விளம்பரத்தால் வந்த புகழை இசைப் புகழ் என்று எழுதலாமா?

ஐயா, உங்கள் கேள்விக்கு மதிப்புக் கொடுத்தே மறுக்கிறேன்.

குரல் மெல்லியது. அதை அவரே முதலில் சொன்னார் என்று மேலே எழுதியிருக்கிறேன். ஆனால் மெல்லிய குரல் வேறு, பாடத் தெரியாத குரல் வேறு. அன்று மைக் கிடையாது. கீழே முழு வாத்தியக் குழு உட்கார்ந்திருக்கும். அதைத் தாண்டிக் கடைசி வரிசைக்குச் சொல் புரிய வேண்டும். முகத்தை வைத்துக்கொண்டு இதைச் சமாளிக்க முடியாது.

இன்னொன்று, லண்டன் டானிலோ ஜோசப் காய்ன். அமெரிக்க நகைச்சுவை நடிகர், குரலே கிடையாது. பாட்டு வரிகளைப் பேச்சாகவே சொல்லிவிட்டுப் போவார். ஒத்திகையில் லெஹாருக்கு இது தெரியக் கூடாது என்று எட்வர்ட்ஸ் காய்னுக்குத் தொண்டை கட்டிவிட்டதாகச் சொல்லிச் சமாளித்தார் என்று ஒரு கதை உண்டு. அப்படியானால் அந்த ஜோடியில் பாட்டைச் சுமந்தது யார்?

மதுரை: நீங்களே என் பக்கத்துக்கு வாதம் எடுத்துக் கொடுக்கிறீர்கள். பாடத் தெரியாதவரைக் கதாநாயகனாக்கிய நாடகத்தில் பாட்டுக்கு என்ன மரியாதை? லண்டன்காரர்கள் ஆபரெட்டாவைக் கெடுத்துவிட்டார்கள்.

மூன்றாம் அங்கத்தை மாற்றினார்கள், வேடிக்கைக் காட்சிகளைக் கூட்டினார்கள், ஒப்புக்கொள்கிறேன். ஆனால் நாடகத்தின் உயிரைத் தொடவில்லை. அது எங்கே இருக்கிறது என்று யோசியுங்கள். இரண்டாம் அங்கத்தில் அந்தப் புகழ்பெற்ற வால்ட்ஸ் மெட்டு வரும்போது இரண்டு பேரும் வாய்விட்டுப் பாடுவதில்லை. ஆடுகிறார்கள், லேசாக முனகுகிறார்கள். சொல்ல மறுக்கும் காதலை வாத்தியங்கள் சொல்லிவிடுகின்றன. அந்த இடத்தில் வேண்டியது பெரிய குரல் இல்லை. கையைக் கொடுக்கலாமா வேண்டாமா என்ற தயக்கத்தை விரல் நுனியில் காட்டத் தெரிய வேண்டும். அடக்கி வைத்துக் காட்டுவதுதான் எல்சியின் பலம்.

லெஹாரின் நடத்தையே எனக்குச் சாட்சி. 1911 மே மாதம் ‘கவுண்ட் ஆஃப் லக்சம்பர்க்’ அதே டேலிஸில் அதே எல்சியோடு அரங்கேறியபோது அவர் மறுபடியும் வந்து முதல் இரவை நடத்தினார். அதில் பெர்ட்ரம் வாலிஸும் எல்சியும் வால்ட்ஸ் ஆடிக்கொண்டே படிக்கட்டில் ஏறுவார்கள். நீளப் பாவாடையோடு, கீழே பார்க்காமல், தாளம் தப்பாமல்.

பெங்களூரு: குரல் இருக்கட்டும். அவர் அடிக்கடி மட்டம் போட்டாராமே? டிக்கெட் வாங்கி வந்தவர்கள் மாற்று நடிகையைப் பார்த்துவிட்டுத் திரும்பிய இரவுகள் நிறைய என்று படித்தேன். தொழில் பக்தி இல்லாதவரைத் தலையில் வைத்துக் கொண்டாடலாமா?

‘மட்டம் போட்டார்’ என்ற சொல் எனக்கு வலிக்கிறது. வராத இரவுகள் நிறைய உண்டு, அது உண்மை. காரணத்தைப் பாருங்கள்.

கணக்குப் போடுவோம். 1907 ஜூன் 8 முதல் 1909 ஜூலை 31 வரை 112 வாரம். 778 ஆட்டம். வாரத்துக்கு ஏறத்தாழ ஏழு. ஞாயிறு விடுமுறை, ஆக ஆறு மாலையும் ஒரு மதிய ஆட்டமும். இரண்டு வருடத்துக்கு மேல் ஒரே வேடம், இறுகக் கட்டிய உள்கச்சு, கனமான உடை, ஒவ்வொரு இரவும் வால்ட்ஸ். பகலில் புகைப்பட நிலையத்தில் மணிக்கணக்கில் நிற்க வேண்டும். அந்த அஞ்சலட்டைகள் தானாக வரவில்லை. உடம்பு வலுவில்லாதவர், கூச்ச சுபாவம் வேறு. பத்து வயதிலிருந்து ஓய்வு அறியாதவர்.

சிங்கப்பூர்: மன்னிக்கவும், கெய்ட்டி அரங்கின் நடிகை கெர்ட்டி மில்லரும் அதே காலம், அதே உழைப்பு. அவர் இப்படி விடுப்பு எடுக்கவில்லையே?

ஒருவர் தாங்கினார் என்பதால் இன்னொருவர் தாங்கியிருக்க வேண்டும் என்று ஆகாது. ‘மெர்ரி விடோ’வில் மாக்சிம்ஸ் என்ற பாரிஸ் உணவகக் காட்சியில் ஆடியவர் கேப்ரியல் ரே. லண்டனே கொண்டாடிய நடனக்காரி. 1912இல் திருமணம், சீக்கிரமே முறிவு. 1936 முதல் 1973இல் இறக்கும் வரை மனநல மருத்துவமனையிலேயே இருந்தார். முப்பத்தேழு வருடம். சிரித்த முகமாக அட்டையில் இருப்பவர்களின் உடம்பும் மனமும் என்ன விலை கொடுத்தன என்று தெரிந்த பிறகு வருகைப் பதிவேட்டை எடுத்துக்கொண்டு நிற்க எனக்கு மனம் வரவில்லை. இந்த விஷயத்தில் வந்த மீதி ஏழு கேள்விகளுக்கும் இதுதான் பதில்.

ஈரோடு: என் அட்டையில் முத்திரை 1908. ஆகவே படம் 1908?

திண்டுக்கல் நண்பருக்குச் சொன்னதைப் படியுங்கள்.

திருநெல்வேலி: ஏன் இவ்வளவு அஞ்சலட்டைகள்?

1902இல் பிரிட்டிஷ் தபால் துறை அட்டையின் பின்பக்கத்தைப் பாதியாகப் பிரித்து, ஒரு பாதியில் முகவரியும் மறுபாதியில் செய்தியும் எழுத அனுமதித்தது. அதனால் முன்பக்கம் முழுவதும் படத்துக்குக் கிடைத்தது. தபால் செலவு அரை பென்னி. இன்று நாம் ஒரு வரி அனுப்புவது போல அன்று அட்டை அனுப்பினார்கள். நடிகைப் படம் போட்ட அட்டை நன்றாக விற்றது. வேலைக்காரப் பெண்ணும் வாங்கினாள், முதலாளியம்மாவும் வாங்கினாள்.

வேலூர்: என் அட்டை என்ன விலைக்குப் போகும்?

விலை சொல்வதில்லை. வைத்துக்கொள்ளுங்கள்.

காரைக்குடி: இந்த நடிகைகள் எல்லோரும் பிரபுக்களைக் கட்டிக்கொண்டார்களாமே?

எல்லோரும் இல்லை, ஆனால் சிலர் உண்டு. ரோசி பூட் 1901இல் ஹெட்ஃபோர்ட் மார்க்விஸை மணந்தார். டெனிஸ் ஓர்ம் 1907இல் சர்ஸ்டன் பிரபுக் குடும்பத்து வாரிசை மணந்தார். கெர்ட்டி மில்லர் 1924இல் டட்லி பிரபுவை.

லில்லி எல்சியின் கணவர் பிரபு இல்லை. இதைத் தப்பாக எழுதுகிறவர்கள் நிறைய. ஜான் இயன் புல்லோ, ஜவுளி ஆலை இயந்திரம் செய்து பணக்காரரான குடும்பத்துப் பிள்ளை. 1911 நவம்பரில் கல்யாணம். மேடையை விடச் சொன்னார், இவரும் விட்டார். புகழின் உச்சியில், இருபத்தைந்து வயதில். அதில் அவருக்கு ஒரு நிம்மதியும் இருந்திருக்கும் என்றுதான் நான் நினைக்கிறேன். ஆனால் மணவாழ்க்கை நிம்மதி தரவில்லை. 1930இல் விவாகரத்து.

புதுச்சேரி: கெர்ட்டி மில்லரைப் பற்றிக் கொஞ்சம்.

இவரும் யார்க்‌ஷயர்க்காரர்தான். 1879இல் பிராட்ஃபோர்டில் பிறந்தார், அப்பா ஆலைத் தொழிலாளி. 1901இல் கெய்ட்டியின் ‘தி டோரியடோர்’ மூலம் லண்டனுக்கு வந்தார். அடுத்த வருடம் அதன் இசையமைப்பாளர்களில் ஒருவரான லயனல் மாங்க்டனை மணந்தார். எல்சி மேகம் போல மிதந்தவர் என்றால் இவர் மண் வாசனை. 1909இல் வந்த ‘அவர் மிஸ் கிப்ஸ்’ நாடகத்தில் பெரிய கடையில் வேலை பார்க்கும் யார்க்‌ஷயர் பெண்ணாகவே நடித்தார். தன் ஊர்க்காரியாக நின்று லண்டனை ஜெயித்தது எனக்குப் பெருமையாக இருக்கும். 1910இல் ‘தி குவேக்கர் கேர்ள்’. 1952இல் இறந்தார். இவரைப் பற்றித் தனியாக எழுத வேண்டும், எழுதுகிறேன்.

கொழும்பு: இந்த நாடகங்கள் நம் பக்கம் வந்ததா?

நாடகங்கள் வந்தன, எல்சி வரவில்லை. மாரிஸ் பேண்ட்மன் என்பவர் கல்கத்தாவைத் தலைமையிடமாக வைத்துக் குழுக்களை அனுப்பினார். ஜிப்ரால்டர் முதல் யோகோஹாமா வரை அவர் பாதை. கொழும்பு, ரங்கூன், சிங்கப்பூர் எல்லாம் வழியில். லண்டனில் ஓடிய நாடகம் சீக்கிரமே கப்பலேறிவிடும். 1908இல் கல்கத்தாவில் எம்பயர் அரங்கு கட்டினார். பம்பாயின் ராயல் ஆபரா ஹவுஸிலும் அவருக்குப் பங்கு உண்டு.

கும்பகோணம்: முத்திரை 1912 என்று இருக்கிறது, அப்படியென்றால்…

முத்திரை தபாலின் தேதி. படத்தின் தேதி இல்லை. மூன்றாம் முறை சொல்கிறேன். இனி இந்தக் கேள்வியை எடுக்க மாட்டேன்.

நாகர்கோவில்: கடைசிக் காலம் எப்படி?

போர்க் காலத்தில் தர்ம நிகழ்ச்சிகளில் மேடையேறினார். 1917இல் ‘பமேலா’. அப்புறம் கிளாஸ்டர்‌ஷயர் கிராமத்து வாழ்க்கை. 1927இல் ‘தி புளூ டிரெய்ன்’, அடுத்த வருடம் ஐவர் நொவெல்லோவின் ‘தி ட்ரூத் கேம்’. அதுதான் கடைசி. பிறகு உடம்பும் மனமும் தளர்ந்து, மருத்துவ விடுதிகளிலேயே பல வருடம். மூளையில் அறுவை சிகிச்சையும் நடந்தது. 1962 டிசம்பர் 16 அன்று லண்டனில் காலமானார். அவருடைய டேலிஸ் அரங்கம் 1937லேயே இடிக்கப்பட்டுவிட்டது. லெஸ்டர் சதுக்கத்தில் அது நின்ற இடத்தில் இப்போது சினிமா தியேட்டர்.

செசில் பீட்டன் என்ற புகழ்பெற்ற புகைப்படக்காரர் குழந்தையாக இருந்தபோது அம்மாவின் படுக்கையில் கிடந்த லில்லி எல்சி அட்டை ஒன்றைப் பார்த்தார். புகைப்படத்தின் மேல் ஆசை வந்தது அன்றுதான் என்று பிற்காலத்தில் சொன்னார். அவர்தான் ‘மை ஃபேர் லேடி’க்கு உடை வடிவமைத்தவர். அந்தப் பெரிய தொப்பிகள் எங்கிருந்து வந்தன என்று இப்போது புரிகிறதா? 1958இல் அந்த நாடகம் லண்டனுக்கு வந்தபோது பேராசிரியரின் அம்மா வேடத்தில் நடித்தவர் ஜீனா டேர். அவரும் எல்சி காலத்து அஞ்சலட்டை அழகிதான், அப்போது எழுபதைத் தாண்டியவர்.

கடலூர்: அவர் நடித்த சினிமா உண்டா?

உண்டு. 1919இல் மாரிஸ் எல்வி இயக்கிய ‘காம்ரேட்‌ஷிப்’. ஊமைப்படம்.

மதுரை (இசை ஆசிரியர்): விரல் நுனி என்று நீங்கள் எழுதியது மனதில் நிற்கிறது அம்மா. நான் தனிப் பாட்டுகளாகத்தான் கேட்டிருக்கிறேன். எங்கிருந்து தொடங்கிக் கேட்கட்டும்?

மிகவும் சந்தோஷம் ஐயா. முழுப் பதிவாக எடுத்துக்கொள்ளுங்கள், எந்த மொழியானாலும் சரி. சோனியா பாடும் ‘வில்யா’ பாட்டிலிருந்து தொடங்குங்கள். அது முடிந்ததும் நிறுத்தாமல் விடுங்கள். வால்ட்ஸ் வரும்போது பாட்டை எதிர்பார்க்காமல் வயலின்களை மட்டும் கேளுங்கள். அந்த மெட்டுக்கு வார்த்தை மூன்றாம் அங்கத்தில்தான் வருகிறது.